மறந்து வைத்த குடை

தெரிந்துகொண்டே தவறான விபரத்தைப் பதிந்த ஒரு மனுஷி. தவறான விபரம் ஒன்றைத் தானாகப் புனையத் தெரியாத ஒரு கணினி நிரல். இந்த இரண்டில் ஒரு வீட்டைச் சரியாக அறிந்திருந்தது எது? மல்லாவிக்கு மேற்கே ஒரு செத்தவீட்டு முற்றத்தில் நின்றபோது இந்தக் கேள்வி என்னிடம் வந்து சேர்ந்தது. அதற்குப் பிறகு சில ஆண்டுகள் கடந்துவிட்டன. அந்த மனுஷியைப் பற்றிச் சொல்லாமல் கேள்வியை மட்டும் கருத்தரங்குகளில் எடுத்து வைப்பது நேர்மையாகாது என்று பட்டதால் இதை எழுதுகிறேன். அவருடைய பெயரை எழுத எனக்கு அனுமதி இல்லை, கேட்கவும் துணியவில்லை.

அவர் எங்கள் நிறுவனத்தின் களப்பணியாளர். சிறுநீரகம் பழுதாகி, வாரத்தில் இரண்டு நாள் வவுனியாவுக்குப் போய் இரத்தம் சுத்திகரித்து வரவேண்டிய நோயாளர்களை உட்கிராமங்களிலிருந்து ஏற்றி இறக்குவதற்கு எங்களிடம் ஒரு வான் வண்டி இருந்தது. அந்தச் சிகிச்சையை எங்கள் பக்கத்துச் சனங்கள் ‘மெஷினுக்குப் போறது’ என்பார்கள். வானில் இடம் குறைவு, மெஷினுக்குப் போகிறவர்கள் அதிகம். சொந்தமாகப் பயணத்துக்கு வழி செய்ய முடியாத வீடு எது என்பதை அறிய வீடு வீடாகப் போய் விபரம் எடுப்பது அவருடைய வேலை. பல்கலைக்கழகத்தில் புள்ளிவிபரவியல் படித்து முடித்திருந்த நான், அந்த விபரங்களை ஒழுங்குபடுத்தச் சேர்க்கப்பட்டவள்.

ஐம்பதை நெருங்கிய, மெலிந்த, நடையில் அவசரம் இல்லாத பெண். சைக்கிளின் பின் காரியரில் படிவக் கோப்பு. கைபிடியில் ஒரு கறுப்புக் குடை தொங்கும். அதை அவர் விரித்து நான் பார்த்தது குறைவு. எங்கேயாவது விட்டுவிட்டு வந்து, திரும்பிப் போய் எடுத்து வருவதைப் பார்த்ததுதான் அதிகம். சேர்ந்த முதல் மாதத்திலேயே, இவர் மறதிக்காரர், இவருடைய படிவங்களை இரண்டாம் முறை சரிபார்க்க வேண்டும் என்று நான் தீர்மானித்துவிட்டேன்.

வான் சாரதிக்கு அந்தக் குடை ஒரு பெரிய வாய்ப்பு. ஒரு நாள் தேநீர் வேளையில் எல்லோர் முன்னாலும் தொடங்கினார்.

“அக்கா குடையைத்தான் விட்டிட்டு வாறா எண்டு பாத்தா, புருசனையும் எங்கயோ விட்டிட்டு வந்திட்டாவாம்.”

அவர் தேநீரை ஊதிக் குடித்துக்கொண்டே மறுமொழி சொன்னார். “ஓம் தம்பி, விட்டிட்டுத்தான் வந்தனான். ஒருக்காத் திரும்பிப் போயும் பாத்தன். இன்னொருத்தியோட நல்லாத்தான் இருந்தார். அதால எடுத்துக்கொண்டு வரேல்ல.”

சாரதி அதன்பிறகு குடையைப் பற்றிக் கதைக்கவில்லை.

திரும்பிப் போய்ப் பார்ப்பது அவருடைய மறதியால் அல்ல என்பதை நான் அறிந்தது, முதன்முதலாக அவரோடு களத்துக்குப் போன நாளில். கல்வீடு, யுத்தத்துக்குப் பிறகு ஏதோ ஒரு திட்டத்தில் கட்டிக் கொடுத்தது. முன்னறையில் ஆறு பிளாஸ்டிக் கதிரைகள் நாங்கள் உட்காருவதற்காகப் போடப்பட்டிருந்தன. இரண்டு நீலம், மூன்று சிவப்பு, ஒன்று வெள்ளை. தேநீர் வந்தது. அவர் நோயாளரோடு நோயைப் பற்றி, வீட்டுக்காரியோடு கிணற்றைப் பற்றி, நெடுநேரம் கதைத்தார். படிவத்தில் ஏறக்குறைய எதையும் எழுதவில்லை. விடைபெற்று ஒழுங்கை திரும்பும் முடக்கு வரை வந்ததும் சைக்கிளை நிறுத்தினார்.

“குடையை விட்டிட்டன். வாங்கோ, தங்கச்சி.”

நாங்கள் திரும்பிப் போனபோது அந்த வீட்டுக்காரி முள்ளுக்கம்பி வேலிக்கு மேலால் நீலக் கதிரை ஒன்றைத் தூக்கிக் கொடுத்துக்கொண்டிருந்தார். அடுத்த வளவில் நின்ற பெண் அதை வாங்கிக் கீழே வைத்தார். சிவப்புக் கதிரைகள் வேறொரு திசையில் ஏற்கெனவே போய்விட்டிருந்தன. முன்னறையில் வெள்ளைக் கதிரை மட்டும் இருந்தது. அதன் ஒரு கால் கயிற்றால் கட்டப்பட்டிருந்ததை அப்போதுதான் கண்டேன். இவர் எதையும் காணாதவர் போல, மறதியைப் பற்றிச் சலித்துக்கொண்டு, கதவோரம் சாய்ந்திருந்த குடையை எடுத்துக்கொண்டு வந்தார். யாருக்கும் வெட்கம் வரவில்லை.

எங்கள் பகுதியில் இது புதுமை இல்லை. பல தடவை இடம்பெயர்ந்து, கடைசியில் உடுத்த துணியோடு திரும்பி வந்த சனங்கள், ஒரு வீட்டுக்கு ஆள் வந்தால் அந்த வேலி நீளத்துக்கும் வந்ததாகவே எடுத்துக்கொள்வார்கள். இருக்கிற கதிரைகள் வேலிக்கு வேலி மாறி, வந்தவரை இருத்திவிட்டு, மறுபடி வீடு போய்ச் சேரும். நானும் அப்படி இரவல் கதிரைகளில் எத்தனையோ தரம் இருந்திருக்கிறேன். எழுந்து வந்த பிறகு அவை எங்கே போகின்றன என்று நினைத்ததில்லை.

“அவையள் எங்களுக்கு மரியாதை செய்தவை,” என்றார் வழியில். “மரியாதையை எண்ணி எழுதக்கூடாது, தங்கச்சி. அதுதான் நான் ரெண்டு தரம் போறனான்.”

அவருடைய தாயும் தகப்பனும் மலையகத் தோட்டமொன்றிலிருந்து கலவரத்துக்குத் தப்பி வந்து, கனகராயன்குளத்துப் பக்கம் காடு வெட்டிக் குடியேறியவர்கள். அப்போது இவர் கைக்குழந்தை. அலுவலகத்தில் எங்களைப் போலவே ‘ஓம்’ என்பார், ‘வாறன்’ என்பார். தன் சனங்களின் வீட்டு வாசலில் கால் வைத்ததும் ‘ஆமாங்க’, ‘வர்றேங்க’ என்று பேச்சு மாறிவிடும். மாறுவது அவருக்கே தெரியாது என்று நினைக்கிறேன். இரண்டு வகைப் பேச்சிலும் அவர் குறைவாகவே கேட்டார். கேட்டதை விடப் பார்த்ததை, படிவத்தின் ஓரத்தில் பென்சிலால் எழுதுவார். ‘மாடு மாமியாரின் பெயரில், பாலும் அங்கேதான் போகிறது.’ ‘மோட்டார் சைக்கிள் உண்டு, முன்சக்கரம் இல்லை.’ ‘குடிப்பதில்லை என்று மனைவி சொன்னார்; கணவர் பக்கத்தில் இருந்தார்.’

அந்த ஓரக்குறிப்புகளை வைத்துக்கொண்டு, மாதக் கடைசியில் ஐந்தாறு பேர் கூடி வாதாடி, வானுக்கான பட்டியலைத் தயாரிப்பதுதான் முன்னைய முறை. அதைப் பொன்னான முறை என்று சொல்லமாட்டேன். உரத்துக் கதைக்கிற களப்பணியாளரின் கிராமத்துக்கு இடம் கூடுதலாகப் போனது. இவர் தன்னுடைய ஆட்களுக்குச் சாய்கிறார் என்று சிலர் சொன்னார்கள். மற்றவர்கள் தங்கள் ஆட்களுக்குச் சாய்கிறார்கள் என்று இவர் சொன்னார். ஒரு முறைப்பாட்டுக் கடிதமும் வந்தது. மனிதர்களின் விருப்பு வெறுப்புக்கு வெளியே ஒரு முறை வேண்டும் என்று நான் உண்மையாகவே நம்பினேன்.

ஆகவே ஒரு நிரலை உருவாக்கினேன். பழைய படிவங்களையெல்லாம் அதற்குக் கொடுத்தேன். எந்த வீடுகள் வண்டி வசதியின்றிச் சிகிச்சையைத் தவறவிட்டன என்ற தகவலையும் சேர்த்துக் கொடுத்தேன். எந்த அடையாளங்கள் உள்ள வீடு உண்மையில் இயலாத வீடு என்பதை அது தானே கற்றுக்கொண்டது. கற்றதில் கதிரைகளின் எண்ணிக்கை மேலே வந்து நின்றது. வருமானத்தைக் குறைத்துச் சொல்லலாம், கதிரையை யாரும் ஒளிப்பதில்லை என்று கூட்டத்தில் விளக்கினேன். எனக்கு அன்று பெருமையாக இருந்தது; வேலிக்கு மேலால் போன நீலக் கதிரை நினைவுக்கு வரவில்லை. படிவங்களுக்குப் பதிலாகக் களப்பணியாளர்களுக்கு ‘டெப்’ என்ற கையடக்கக் கணினி கொடுத்தோம். முன்னறையைப் படம் எடுத்தால் போதும். படத்திலுள்ள கதிரை, மேசை, மின்விசிறி எல்லாவற்றையும் நிரலே எண்ணிக்கொள்ளும். குறிப்பு எழுதுவதற்கென்று முதலில் ஒரு பெட்டி வைத்திருந்தேன். அதில் வருகிற வாக்கியங்களை நிரலால் புள்ளியாக மாற்ற முடியவில்லை. இரண்டாம் மாதம் அதை நீக்கிவிட்டேன்.

நிரல் அவரை வென்ற ஒரு சம்பவமும் உண்டு. அதை மறைத்தால் இந்தச் சித்திரம் பொய்யாகிவிடும். குடியேற்றத் திட்டமொன்றில், யாழ்ப்பாணத்திலிருந்து முன்னொரு காலத்தில் வந்து வயல் செய்த குடும்பம். வயது போன அம்மா ஒருவர் மெஷினுக்குப் போகிறவர். ஓட்டு வீடு, வயற்காணி, வெளிநாட்டில் மகன். பழைய முறையில் அந்த வீட்டை இவர் படியேறிப் பார்க்காமலே விலக்கியிருந்தார். நிரலுக்கு ஊர்க்கதை தெரியாது. வெளிநாட்டு மகன் என்ற ஒரு விடயமே அதனிடம் இல்லை. அது அந்த அம்மாவின் பெயரை முதல் வரிசையில் கொண்டுவந்து வைத்தது. பிழை பிடிக்கும் எண்ணத்தோடுதான் இவர் போனார் என்று நினைக்கிறேன். பின்னேரம் வந்து என் மேசைக்கு முன்னால் நின்றார்.

“மகன் கதைச்சே நாலு வருசமாம். வயலும் ஈடு வச்சாச்சு. அந்த அம்மா காலமை வெறும் தேத்தண்ணியோட மெஷினுக்குப் போறவா.” பிறகு சொன்னார்: “உங்கட மெஷின் கண்டது, தங்கச்சி. நான் காணேல்ல.”

தோல்வியை இவ்வளவு சுத்தமாக ஒப்புக்கொண்ட ஒருவரை அதற்கு முன் நான் கண்டதில்லை. அதனால்தான், பின்னர் நடந்தது எனக்குத் துரோகம் போலப் பட்டது.

நிரலுக்குள் இன்னொரு காவலையும் வைத்திருந்தேன். எவராவது ஒரு களப்பணியாளரின் விபரங்கள் மற்றவர்களுடையதிலிருந்து அளவுக்கு மீறி விலகினால் அது சிவப்பில் காட்டும். ஒரு நாள் காலை அவருடைய பெயர் சிவப்பில் நின்றது. அவருடைய பகுதியில் குறிப்பிட்ட சில வீடுகளில் கதிரைகளே இல்லை, பாய் மட்டும். ‘டெப்’பில் அழிக்கப்பட்ட படங்கள் சிறிது காலம் தங்கியிருக்கும் என்பது அவருக்குத் தெரியாது. திறந்து பார்த்தேன். ஒரே வீடு, இரண்டு படங்கள், இடையில் பதினொரு நிமிடம். அழிக்கப்பட்ட படத்தில் ஆறு கதிரைகள். வைத்திருந்த படத்தில் வெறும் சீமெந்துத் தரையும் பாயும்.

அவரை அழைத்து இரண்டையும் காட்டினேன். அவர் மறுக்கவில்லை.

“ரெண்டும் நான் எடுத்ததுதான். கதிரையளைக் கொண்டுபோய்க் குடுக்கட்டும் எண்டு பாத்துக்கொண்டு நிண்டு, பிறகு எடுத்தனான்.”

“கண்ணுக்குத் தெரியிறதைப் பதியுங்கோ எண்டுதானே, அக்கா, சொன்னனாங்கள்?”

“முதல் தரமும் என்ர கண்ணாலதான் பாத்தன். ரெண்டாம் தரமும் என்ர கண்ணாலதான் பாத்தன். உங்கட பெட்டியில ஒண்டைத்தானே போடலாம்.”

எல்லா வீடுகளிலும் இப்படிச் செய்தீர்களா என்று கேட்டேன். இல்லை என்றார். சமாளிக்கக்கூடிய வீடு என்று தனக்குப் பட்டால், இரவல் கதிரைகளோடேயே படத்தை அனுப்பியிருக்கிறார். அதை அவர் சாதாரணமாகச் சொன்னது என்னைத் திடுக்கிடச் செய்தது.

“அப்ப, ஆருக்கு இடம் எண்டு நீங்கள்தான் தீர்மானிச்சிருக்கிறியள்.”

“முந்தியும் நான்தான் தீர்மானிச்சனான், தங்கச்சி. அப்ப ஓரத்தில எழுதினன், நீங்கள் வாசிச்சனீங்கள். இப்ப எழுத இடமில்லை.”

நான் வேறொரு கேள்வியைக் கேட்டேன். அதைக் கேட்டது சரியென்றே இன்றும் நினைக்கிறேன். இங்கே ஒரு வீட்டின் கதிரை குறைந்தால், வேறொரு களப்பணியாளரின் பகுதியில் யாரோ ஒருவர் வானிலிருந்து இறங்க வேண்டியிருக்கும். “அந்த வீட்டை நீங்கள் பாத்தனீங்களோ, அக்கா?”

அவர் “இல்லை,” என்றார். “அந்த வீட்டுக்கு நான் போகேல்ல.”

அவ்வளவுதான். தன்னுடைய ‘டெப்’பை எடுத்து என் மேசையில் வைத்து, அதன் வயரையும் சுற்றி வைத்துவிட்டுப் போனார். தரவின் நம்பகத்தன்மையைப் பாதுகாக்கும் பொருட்டு என்று தொடங்கும் ஓர் அறிக்கையை நான் எழுதினேன். அதில் ஒரு சொல்லும் பொய் இல்லை. மாதம் முடிய அவருடைய வேலையும் முடிந்தது.

அவருடைய பகுதி முழுவதையும் மறுபடி பதிய வேறொரு களப்பணியாளரை அனுப்பினோம். கவனமானவர், விதி மீறாதவர். அந்தப் பகுதியின் நோயாளர்களில், கட்டட வேலை செய்த மேசன் ஒருவர் இருந்தார். மலையகத்திலிருந்து வந்த குடும்பம், நாற்பது வயதிருக்கும், மனைவியும் அவரும் மட்டும். முதல் பட்டியலில் அவருக்கு வானில் இடம் இருந்தது. மறுபதிவில் அவருடைய வீட்டின் புள்ளிகள் மாறின. பெயர் கீழே இறங்கியது. எந்த மனிதரும் கோபத்தாலோ சாய்வாலோ அவரை நீக்கவில்லை. திரையில் தோன்றிய புதிய பட்டியலை உறுதிசெய்யும் பொத்தானை அழுத்தியது நான்.

அவர் பேருந்தில் போகத் தொடங்கினார். பக்கத்து வீட்டாரின் மோட்டார் சைக்கிளில் மல்லாவி வரை, அங்கிருந்து மாங்குளம், மாங்குளத்தில் காத்திருந்து வவுனியா. திரும்பி வரும்போது நிற்கவே பெலம் இருக்காது. மாரி தொடங்கியதும் சில நாட்கள் போகவில்லை. இரண்டு மாதத்துக்குள் இறந்துபோனார். வானில் போனவர்களிலும் இறந்தவர்கள் உண்டு. வானில் போயிருந்தால் இவர் இருந்திருப்பார் என்று சொல்ல என்னிடம் ஆதாரம் இல்லை. இருந்திருக்கமாட்டார் என்று சொல்லவும் ஆதாரம் இல்லை.

நிறுவனத்தின் சார்பில் செத்தவீட்டுக்குப் போனேன். முற்றத்தில் எங்கள் பழைய களப்பணியாளர் அக்கா தேநீர்க் கேத்தலோடு நின்றார். என்னைக் கண்டு தலையசைத்தார். நான் இன்ன இடத்திலிருந்து வந்திருக்கிறேன் என்று யாரோ சொல்ல, இறந்தவரின் மனைவி எழுந்து வந்து என் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார்.

“ஏம்மா, அன்னிக்குப் படம் புடிக்க வந்தவங்களுக்கு நாங்க ஏதும் கொற வச்சிட்டோமா? இந்தத் தடவ பாக்குறதுதான் முடிவுன்னாங்க. நாலு வீட்ல கதிர வாங்கிப் போட்டேன். மேசைக்கு விரிப்பு, காத்தாடி எல்லாம் கேட்டு வாங்கியாந்து வச்சேன். அது பத்தலையாம்மா? அவங்க மனசு கோணிப்போச்சா?”

வானில் இடம் போனது, வந்தவரைச் சரியாக வரவேற்காததால் என்று அவர் நம்பியிருந்தார். அந்த இரண்டு மாதமும், இன்னும் இரண்டு கதிரை வாங்கிப் போட்டிருக்கலாமோ என்று கணவனிடம் சொல்லிச் சொல்லி அழுதிருக்கிறார்.

கேத்தலோடு நின்றவர்தான் பேசினார். “அதெல்லாம் ஒண்ணுமில்லம்மா. நீங்க நல்லாத்தான் கவனிச்சீங்க. வான்ல எடம் பத்தாம போச்சு, அவ்வளவுதான்.” அப்படிச் சொல்லும்போது அவர் என் பக்கம் பார்க்கவில்லை. எனக்கு ஒரு கோப்பையில் தேநீர் ஊற்றித் தந்துவிட்டு அடுத்தவரிடம் போனார்.

அன்று பின்னேரம்தான் எனக்கு அது விளங்கியது. நான் நிரலுக்குக் கற்பிக்கக் கொடுத்த பழைய படிவங்களில் இருந்த கதிரைகள், இரவல் கதிரைகளைக் கழித்த பிறகு எழுதப்பட்டவை. அவரும் அவரைப் போன்றவர்களும் இரண்டு தரம் போய்ப் பார்த்து எழுதிய எண்கள். நிரலின் அறிவு என்று நான் பெருமைப்பட்டது அவர்களுடைய பார்வையின் எச்சம். அந்தப் பார்வையில் சாய்வும் இருந்தது. வயற்காணி அம்மாவைக் காணாத குருட்டுத்தனமும் இருந்தது. நிரல் அந்தக் குருட்டுத்தனத்தைத் தாண்டியது உண்மை. ஆனால் ஒரு வீட்டுக்குத் திரும்பிப் போகவேண்டும் என்ற எண்ணம் அதற்கு ஒருபோதும் வராது. யாருடைய கதிரை என்று கேட்கத் தெரியாத ஒன்றிடம், எத்தனை கதிரை என்று நான் கேட்டேன். அது சரியாக எண்ணிச் சொன்னது.

சில வாரங்கள் கழித்து, மீண்டும் வேலைக்கு வரச் சொல்லிக் கேட்கக் கனகராயன்குளத்துக்குப் போனேன். அவர் ஒருவருடைய கச்சான் கடலைத் தோட்டத்தில் புல்லுப் பிடுங்கிக்கொண்டிருந்தார். வரம்புக்கு வந்து, கை கழுவி, நான் சொன்னதையெல்லாம் கேட்டார். நிரலை நிறுத்திவிட்டீர்களா என்று விசாரித்தார். இல்லை என்றேன்.

“நிப்பாட்டாதையுங்கோ. அந்த வயற்கார அம்மாவைக் கண்டது அதுதானே.”

“அப்ப நீங்கள் வாங்கோ, அக்கா. குறிப்புப் பெட்டியைத் திரும்பப் போட்டிட்டன்.”

அவர் தலையை ஆட்டினார். “நான் வரேல்ல, தங்கச்சி. இப்ப ஒரு வீட்டுக்குப் போனா என்ர கண் முதல்ல கதிரையைத்தான் எண்ணுது. செத்தவீட்டிலயும் எண்ணினனான்.”

அதற்குப் பிறகு நான் அவரைச் சந்திக்கவில்லை.

பட்டியலை இன்றும் நிரலே தயாரிக்கிறது. ஆனால் அதிலிருந்து ஒரு பெயர் நீங்குவதாயின், வான் அடுத்த முறை புறப்படுவதற்கு முன் நான் அந்த வீட்டுக்கு நேரில் போய்ப் பார்த்து, முடிவை அவர்களிடம் என் வாயால் சொல்லவேண்டும் என்பதை விதியாக்கிக்கொண்டோம். சென்ற மாதம் இரண்டு வீடுகளுக்குப் போனேன். ஒரு பெயரைத் திரும்பச் சேர்த்தேன். மற்ற வீட்டில், வானில் இடமில்லை என்று சொல்லிவிட்டு வந்தேன்.